பொழுது வளையும் மலை

குசஸ்தலி என்னும் நகரை ஆண்ட அரசன் ககுத்மி. ரைவதன் என்றும் அவனைப் புராணங்கள் அழைக்கும். அவனுடைய மகள் ரேவதி மணப்பருவம் எய்தினாள். அவளுக்கு ஏற்ற மணாளன் யார் என்று தானே தீர்மானிக்க மனம் துணியாத அரசன், பிரமதேவனையே கேட்டு வருவோமென்று மகளையும் அழைத்துக்கொண்டு சத்தியலோகம் சென்றான். அங்கே கந்தருவர்களின் கானம் நடந்துகொண்டிருந்தது. பாட்டு முடியட்டும் என்று சற்று ஒதுங்கி நின்றான். முடிந்ததும் வணங்கி, தான் மனத்திற் கொண்டிருந்த அரசகுமாரர்களின் பெயர்களை ஒவ்வொன்றாய்ச் சொன்னான். பிரமன் நகைத்தான். நீ சொன்னவர்கள் மட்டுமல்ல, அவர்களுடைய பிள்ளைகளும் பேரர்களும் கூட இன்று இல்லை. இங்கே நீ ஒரு பாட்டுக் கேட்ட பொழுதில் பூமியில் இருபத்தேழு சதுர்யுகங்கள் சென்றுவிட்டன என்றான்.

மண்ணுலகத்துக்கு மீண்டபோது, குசஸ்தலி துவாரகையாக மாறியிருந்தது. பிரமன் பணித்தபடி பலராமனுக்கு மகளைக் கொடுத்தான் அரசன். இடைப்பட்ட காலத்தில் மனித குலம் உயரத்திற் குறைந்து போயிருந்ததென்றும், நெடிதுயர்ந்து நின்ற ரேவதியைப் பலராமன் தன் கலப்பையின் நுனியால் தாழ்த்தித் தன் காலத்து உயரத்துக்குக் கொண்டுவந்தானென்றும் விஷ்ணு புராணம் கூறும்.

இத்தகைய கதை இல்லாத சமயமுமில்லை, நாடுமில்லை எனலாம். குகையில் உறங்கிய இளைஞர் சிலர் முந்நூற்றொன்பது ஆண்டுகள் கழித்து விழித்த வரலாற்றைத் திருக்குர்ஆனின் பதினெட்டாம் அத்தியாயம் சொல்கிறது. கிறித்தவ மரபில் எபேசு நகரத்து எழுவர் என்று அதே செய்தி வழங்குகிறது. 1819ஆம் ஆண்டில் அமெரிக்க எழுத்தாளர் வாஷிங்டன் இர்விங் படைத்த ரிப் வான் விங்கிள் என்பவன் மலைமேல் ஏறி ஓரிரவு உறங்கியதாக எண்ணுகிறான். இருபது ஆண்டுகள் போய்விடுகின்றன. இக்கதைகளிற் பெரும்பாலானவற்றில், பொழுது வளையும் இடம் ஒரு மலையாகவோ, குகையாகவோ, மேலுலகமாகவோ இருக்கிறது. அங்கே சென்றவனுக்குத் தன் பொழுதில் எந்த மாற்றமும் தெரிவதில்லை. கீழே இறங்கி வந்து, தன் பெயரைச் சொல்லி, அப்பெயரை அறிந்தவர் எவருமில்லை என்று காணும்போதுதான் இழப்பு இன்னதென்று புலப்படுகிறது.

கற்பனை உலகத்தை விட்டு, உண்மையாகவே இருக்கும் ஒரு மலைக்கு இனி வரலாம்.

இலங்கையின் ஊவா மாகாணத்தில், பதுளை மாவட்டத்தில், அப்புத்தளைக்குக் கீழே மலைச்சரிவில் ஒட்டிக்கொண்டிருக்கும் சிற்றூர் பெரகல. கொழும்பிலிருந்து இரத்தினபுரி வழியாக வரும் நெடுஞ்சாலை இங்கே இரண்டாகப் பிரிகிறது. ஒரு கிளை கொஸ்லாந்தை, வெல்லவாய என்று கிழக்கு நோக்கி இறங்கிச் செல்கிறது. மற்றொன்று வளைந்து வளைந்து அப்புத்தளைக்கும் பண்டாரவளைக்கும் ஏறுகிறது. தெற்கே பார்த்தால் மலை சட்டென்று முடிந்து, தாழ்ந்த சமவெளி கண்ணுக்கெட்டியவரை விரிந்து கிடக்கும். வடக்கே நிமிர்ந்து பார்த்தால் தேயிலை. சிங்களத்தில் பெர என்பது மேளம், கல என்பது பாறை. சேர்த்துப் படித்தால் மேளப்பாறை. தோட்டத் தமிழர் வாழும் ஓர் ஊருக்கு இப்பெயர் அமைந்தது பொருத்தம்தான். அவர்களுடைய முன்னோரின் நாள் மேளத்தில்தான் தொடங்கியது. விடியுமுன்னர் லயத்து வாசலில் தப்பு முழங்கும், அதுதான் மணிக்கூடு. பிற்காலத்தில் ஆலைச் சங்கு அதன் இடத்தைப் பிடித்துக்கொண்டது.

இந்த மலையில் பொழுது சமவெளியைக் காட்டிலும் சற்று வேகமாக ஓடுகிறது. இது புராணமன்று, பௌதிகம். புவியீர்ப்பு மிகுந்த இடத்தில் கடிகாரம் மெதுவாகவும், குறைந்த இடத்தில் விரைவாகவும் ஓட வேண்டுமென்பது ஐன்ஸ்டைன் கண்ட முடிவு. 1960ஆம் ஆண்டில் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் பவுண்ட், ரெப்கா என்னும் இருவர் இருபத்திரண்டரை மீற்றர் உயரமுள்ள கோபுரமொன்றின் அடிக்கும் முடிக்கும் இடையிலேயே இந்த வேறுபாட்டை அளந்து காட்டினர். இன்று கைத்தொலைபேசியில் வழி காட்டும் செய்மதிகளின் கடிகாரங்கள், பூமியிலுள்ள கடிகாரங்களை விட நாளொன்றுக்கு ஏறத்தாழ 38 மைக்ரோ செக்கன் முந்துகின்றன. அதைக் கணக்கிட்டுத் திருத்தாவிடின் ஒரே நாளில் வழி பல கிலோமீற்றர் தவறிப்போகும்.

அப்புத்தளை கடல் மட்டத்திலிருந்து 1400 மீற்றருக்கு மேற்பட்ட உயரத்தில் இருக்கிறது. கொழும்புக் கடற்கரையில் ஒரு கடிகாரத்தையும் அப்புத்தளையில் ஒரு கடிகாரத்தையும் வைத்தால், மலைக் கடிகாரம் ஓராண்டில் 5 மைக்ரோ செக்கன் அளவுக்கு முன்னே செல்லும். ஒரு செக்கனைப் பத்து லட்சமாகப் பங்கிட்டு, அதில் ஐந்து பங்கு. மலையகத் தமிழர் தாம் இலங்கைக்கு வந்து இருநூறு ஆண்டுகள் நிறைந்ததை 2023இல் நினைவுகூர்ந்தனர். அந்த இருநூறு ஆண்டுகளும் அப்புத்தளையில் ஒரு கடிகாரம் ஓடியிருந்தால், அது கடற்கரையை விட ஒரு செக்கனின் ஆயிரத்திலொரு பங்கு முந்தியிருக்கும். இயற்கை இம்மலையில் பொழுதை வளைத்த அளவு இவ்வளவே. மனிதர் வளைத்த அளவு இதைவிடப் பெரிது.

முதலிற் கடிகாரத்தையே எடுத்துக்கொள்வோம். 1906ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இலங்கை, கிரினிச் நேரத்துக்கு ஐந்தரை மணி முந்திய நேரத்தைத் தனக்கென வகுத்துக்கொண்டது. இரண்டாம் உலகப் போர்க்காலத்தில், 1942 ஜனவரியில் அரை மணியும், அவ்வாண்டு செப்டெம்பரில் மேலும் அரை மணியுமாகக் கடிகாரம் முன் தள்ளப்பட்டது. 1945 ஒக்டோபரில்தான் பழைய நிலைக்கு மீண்டது. அந்த மூன்றாண்டுகளில் தை மாதத்துச் சூரியன் ஊவா மலைகளில் உதித்தது கடிகாரப்படி ஏழரை மணியளவில். மீண்டும் 1996இல் வரட்சியால் நீர்த்தேக்கங்கள் வற்றி மின்சாரம் தட்டுப்பட்டபோது, மே மாதம் 25ஆம் திகதி ஒரு மணி நேரம் முன் தள்ளினர்; ஒக்டோபரில் அதில் அரை மணியைக் குறைத்தனர். எஞ்சிய அரை மணி ஏறத்தாழ பத்தாண்டுகள் நீடித்தது. பழைய நேரம், புதிய நேரம் என்று இரண்டு சொற்கள் இலங்கைத் தமிழர் வீடுகளில் புழங்கியது அக்காலத்தில்தான். திருமண அழைப்பிதழ் கிடைத்தால் முகூர்த்தம் எந்த நேரப்படி என்று கேட்க வேண்டியிருந்தது. நண்பகலுக்கு முன் உண்ண வேண்டிய விதியுடைய பௌத்த பிக்குகளிற் பலர் பழைய நேரத்தை விடவில்லை. வன்னியில் விடுதலைப் புலிகளின் ஆட்சியிலிருந்த பகுதிகளும் விடவில்லை. 2002இல் கண்டி வீதி திறக்கப்பட்ட பின்னர், ஓமந்தைச் சாவடியைக் கடந்த பயணி ஓர் அடி எடுத்து வைத்ததும் அரை மணி நேரம் பின்னே போனான். புராணிகர் எவரும் எழுதத் துணியாத காட்சி அது. 2006 ஏப்ரல் 15ஆம் திகதி, சித்திரைப் புத்தாண்டுக்கு மறுநாள், நாடு ஐந்தரை மணிக்கே திரும்பியது.

தேயிலைக்கும் நேர மாற்றத்துக்கும் ஏதோ உறவு உண்டு போலும். அசாம் மாநிலத்துத் தோட்டங்களில் இந்திய நேரத்துக்கு ஒரு மணி முந்திய தோட்ட நேரம் என்று ஒன்று, வெள்ளையர் காலந்தொட்டு வழக்கிலிருக்கிறது. பகல் வெளிச்சத்தில் ஒரு துளியும் வீணாகக் கூடாதென்ற எண்ணத்தில் விளைந்தது அது.

ஆயினும் கடிகாரத்தைத் தள்ளிவைப்பது சிறு விளையாட்டே. ஊவாத் தோட்டங்களில் பொழுதை உண்மையாக வளைப்பது வேறொரு கருவி. அதற்குப் பெயர் செக்ரோல்.

தோட்டத்து வழக்கில் பேர் என்றால் பெயர் மட்டுமன்று. ஒரு நாட் சம்பளமும் பேர்தான். விடியற்காலையில் பிரட்டுக் களத்தில் கூடி, வேலை பிரித்துக் கொடுக்கப்பட்டு, மலைக்குச் சென்று, மாலையில் கொழுந்து நிறுத்து முடிந்தபின் செக்ரோலில் அந்த ஆளுக்கு நேரே ஒரு பேர் விழுந்தால் அன்று அவள் ஒரு நாள் வாழ்ந்தாள் என்று பொருள். விழுந்தது அரைப் பேர் என்றால் அரை நாள்தான் வாழ்ந்தாள். ஞாயிற்றுக்கிழமையிலும் விடுமுறை நாட்களிலும் வேலை செய்தால் ஒன்றரைப் பேர் போடுவதும் உண்டு. ஆகவே ஒரே சூரியன் உதித்து மறைந்த பகல், ஏட்டிலே சில சமயம் ஒன்றாகவும், சில சமயம் ஒன்றரையாகவும், பல சமயம் அரையாகவும் நீண்டும் குறுகியும் நிற்கிறது.

அரைப் பேர் எப்படி விழுகிறது? ஒரு நாளுக்கு இத்தனை கிலோ கொழுந்து என்று ஓர் அளவு குறிக்கப்பட்டிருக்கும். பல தோட்டங்களில் அது 18 கிலோவும் அதற்கு மேலும். காலையில் ஒரு முறை, நண்பகலில் ஒரு முறை, மாலையில் ஒரு முறை என மடுவத்தில் கூடைகள் தராசிலேறும். ஈரத்துக்கென்றும், சாக்குக்கென்றும் கழிவு போகும். எஞ்சியது குறித்த அளவைத் தொட்டால் ஒரு பேர். தொடாவிட்டால், காலை ஏழரை மணி முதல் மாலை நான்கரை மணிவரை செங்குத்தான சரிவிலே நெற்றிப் பட்டையில் கூடை தொங்க, இடுப்பிலே படங்கு கட்டி நின்றிருந்தாலும் அது அரை நாள். அவள் கடிகாரப்படி வாழவில்லை, தராசுப்படி வாழ்கிறாள். நாளின் நீளத்தைப் பொழுதால் அளக்காமல் எடையால் அளக்கும் உலகம் ஒன்றை எந்தக் கதாசிரியராவது கற்பனை செய்திருந்தால், அது விந்தையான கற்பனை என்று பாராட்டப்பட்டிருப்பார்.

இதிலே ஊவாவுக்கே உரிய ஒரு விபரீதமும் உண்டு. ஆடி, ஆவணி மாதங்களில் தென்மேற்குப் பருவமழை மத்திய மலைத்தொடரின் மறுபுறத்தில் பொழிந்துவிட, இப்புறம் கச்சான் காற்று வறண்டு வீசும். அந்தக் காற்றில் தேயிலை மெல்ல வளரும். அப்படி மெல்ல வளர்ந்த தளிருக்கே ஊவாத் தேயிலையின் தனி மணம் வாய்க்கிறது. ஜூலை முதல் செப்டெம்பர் வரையிலான அப்பருவத்தில் விளைந்ததைத் தேடி வாங்குவோர் உலகமெங்கும் உளர். கொழும்பு ஏலத்தில் அதற்கு மதிப்பு உயர்வு. ஆனால் மெல்ல வளரும் செடியில் கொழுந்து குறைவு. கொழுந்து குறைந்தால் கூடை நிறையாது. கூடை நிறையாவிட்டால் பேர் நிறையாது. இலை மிகவும் மணக்கும் மாதங்களில்தான் அதைப் பறிப்பவளின் நாள் குறுகும் ஆபத்து மிகுதி. காலத்துக்கு ஏற்ப அளவைக் குறைத்துக் கொடுக்கும் நிருவாகங்களும் உண்டு, மறுப்பதற்கில்லை. ஆனால் குறைப்பதும் கூட்டுவதும் பிரட்டுக் களத்தின் எப்பக்கத்தில் நிற்பவருடைய உரிமை என்பதிற் சந்தேகத்துக்கு இடமில்லை.

1927இல் குறைந்தபட்சச் சம்பளச் சட்டம் வந்தபோது வேலை நாளின் மணிக்கணக்கும் சட்டத்துக்குள் வந்தது. அதற்குமுன் கங்காணியின் துண்டு முறை இருந்தது. தொழிலாளியின் கடன் எவ்வளவென்று எழுதிய சீட்டு அது. அதைத் தீர்க்கும் தோட்டத்துக்கே ஆள் சொந்தம். எதிர்காலத்தை முன்கூட்டியே விற்றுவிடும் அம்முறை 1921இல் ஒழிக்கப்பட்டது. 2021இல் நாட் சம்பளம் 1000 ரூபாவாக உயர்த்தப்பட்டது. பல ஆண்டுகளாகப் போராடிப் பெற்ற உயர்வு. உயர்ந்தது கிட்டியதும், பறிக்க வேண்டிய கிலோவைப் பற்றிய பிணக்கும் தோட்டந்தோறும் கூடவே கிளம்பியது. சம்பளத்தைத் தொட முடியாதபோது நாளின் நீளத்தைத் தொடலாம் என்பது கணக்கறிந்தவர்களுக்குப் புதிதன்று.

தேயிலைச் செடியையும் இங்கே சொல்ல வேண்டும். தானாக வளரவிட்டால் அது முப்பது அடிக்கு மேலும் ஓங்கும் மரம். சில ஆண்டுகளுக்கொரு முறை கவ்வாத்து வெட்டி, இடையில் வாரந்தோறும் நுனி கிள்ளி, இடுப்பளவிலேயே அதை நிறுத்தி வைத்திருக்கிறார்கள். அப்புத்தளைப் பக்கத்து மலைகளில் நூறு வயது கடந்த செடிகள் இன்றும் இளந்தளிர் விட்டுக்கொண்டிருக்கின்றன. முதுமை அடைய விடாமல் நூறாண்டு நிறுத்தப்பட்ட செடி. ரேவதியைத் தாழ்த்திய கலப்பை நுனிக்கு இங்கே கவ்வாத்துக் கத்தி.

மலையில் நின்றவர்களுக்குப் பொழுது இப்படியென்றால், நாட்டின் ஏட்டில் எப்படி? 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் தோட்டத் தமிழரிற் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. 1964இல் சிறிமாவோ அம்மையாரும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்த ஒப்பந்தம், ஐந்து லட்சத்து இருபத்தையாயிரம் பேர் இந்தியாவுக்கு, மூன்று லட்சம் பேர் இலங்கைக்கு, எஞ்சியோர் பின்னர் என்று பிரித்தது. பதினைந்து ஆண்டுகளில் முடிக்க வேண்டிய வேலை. முடியவில்லை. எஞ்சியிருந்த நாடற்றவர்களுக்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003ஆம் ஆண்டில்தான் நிறைவேறியது. 1948இல் பெரகலவுக்கு மேலுள்ள ஏதோவொரு லயத்தில் பிறந்த குழந்தை, ஐம்பத்தைந்து வயதில், பிறந்த நாட்டின் பிரசையாகலாம் என்று சட்டம் சொன்னது. அந்த ஐம்பத்தைந்து ஆண்டுகளும் செக்ரோலில் பேர் தவறாமல் விழுந்துகொண்டிருந்தது. குடிமக்கள் ஏட்டில் ஒரு நாளும் விழவில்லை.

போனவர்களின் கதைதான் ககுத்மியின் கதை. பதுளை வரை 1924இல் நீண்ட இருப்புப் பாதையில், ஊவாவின் நிலையங்களிலிருந்து புறப்பட்டு, தலைமன்னார் சென்று, இராமானுஜம் என்னும் கப்பலேறி இராமேசுவரம் இறங்கினர். அவர்களை ஏற்றிச் சென்ற வண்டியை மலையகத்தார் அழுகைக் கோச்சி என்று அழைத்தனர். தாயகம் திரும்பியோர் என்று தமிழகத்து ஏடுகளில் அவர்களுக்குப் பெயர். திரும்புதல் என்ற சொல்லைச் சற்று உற்றுப் பார்க்க வேண்டும். அவர்களிற் பெரும்பாலோர் இலங்கையில் பிறந்தவர்கள். திரும்பிய ஊரை முன்பு கண்டவர்களல்லர். புறப்பட்டவர் பாட்டனார். பஞ்சத்துக்குத் தப்பிச் சில காலம் உழைத்து மீள்வோம் என்று கடல் கடந்தவர். அந்தச் சில காலம் மூன்று தலைமுறையாக நீண்டபின், பேரன் வந்து இறங்கினான். திருச்சியிலோ புதுக்கோட்டையிலோ பாட்டனாரின் ஊர்ப் பெயரைச் சொல்லி, குடும்பப் பெயரைச் சொல்லி, நிலத்தின் எல்லையைச் சொல்லி நின்றவர்களுக்கு, அப்பெயரை அறிந்தவர் இல்லை என்ற பதிலே பல இடங்களிற் கிடைத்தது. அவர்கள் பேசிய தமிழையே அயலார் தமிழென்று ஊரார் கேட்டனர். நீலகிரியில் சிலோன்காரர் என்ற பெயர் இன்னும் அவர்களுடைய பிள்ளைகளைத் தொடர்கிறது.

ஒரு வேறுபாடு உண்டு. ககுத்மி வழிதவறிப் போனது ஒரு பாட்டைக் கேட்டதால். கேட்டது இனிமையான பாட்டு. அவனுக்குக் காரணம் சொல்லவும், இனிச் செய்ய வேண்டியது என்னவென்று காட்டவும் ஒருவர் எதிரே இருந்தார். மகளை மணமுடித்துக் கொடுத்தபின் அரசன் பதரிகாசிரமம் சென்று தவத்தில் அமர்ந்தான் என்று பாகவதம் சொல்கிறது. இராமேசுவரத்தில் இறங்கியவர்களிற் பலர் கோத்தகிரிக்கும் கூடலூருக்கும் ஏறிப் போனார்கள். அவர்களுக்கு வேலை கொடுப்பதற்கென்றே 1968 முதல் அரசு அங்கே காடு திருத்தித் தோட்டம் போட்டிருந்தது. அங்கேயும் தேயிலைதான், மாலையில் தராசுதான்.